மணியக்காரர் நடத்திய காக்கை விசாரணை

கிட்டே வந்து உட்காருங்கள், என் கண்ணுகளா. காக்கைகளை வகைவகையாகப் பிரித்து விசாரணை நடத்திய ஒரே அதிகாரியைப் பெற்ற பெருமை நம் உத்திரமேரூர்ப் பக்கத்துக்கே உண்டு. அந்த மகானின் கதையைச் சொல்கிறேன்.

எழுபத்து நாலாம் வருஷம், மணியக்காரர் தாண்டவராயன் தம் ஆபீஸ் வாசல் வேப்பமரத்திலிருந்த காக்கைக் கூட்டை 'பொது நலன் கருதி'க் கலைத்தார். பிறப்பு இறப்புப் பதிவேட்டில் எச்சம் விழுந்திருந்தது. மறுநாளிலிருந்து ஒரு காக்கை அவர் உச்சந்தலையை மட்டும் தேடி வந்து கொத்தியது.

விசாரணை தொடங்கியது. உடம்பெல்லாம் கறுத்த அண்டங்காக்கை, சம்பவ நேரத்தில் ஏரிக்கரையில் இருந்ததால் விடுவிக்கப்பட்டது. செம்மண் நிற உடம்பும் நீண்ட வாலும் கொண்ட வால்காக்கை, 'தூரத்து உறவு' என்று எச்சரித்து அனுப்பப்பட்டது. மிஞ்சியவை சாம்பல் கழுத்து ஊர்க்காக்கைகள், நாற்பது.

"இதுல எது, கன்னியப்பா?" என்று தலையாரியைக் கேட்டார்.

"எல்லாம் ஒரே மாதிரி கீதுங்க ஐயா. அதுக்குத்தான் உங்கள நல்லாத் தெரியுது."

அந்த நேரம் பார்த்துச் செங்கேணி மூன்றாம் முறையாக வந்து நின்றாள். கொழுந்தன் குடும்பத்தை விட்டுப் பிள்ளைகளோடு பிரிந்து வந்தவள். புது ரேஷன் அட்டைக்கு, 'இவரை எனக்கு நன்றாகத் தெரியும்' என்று மணியக்காரர் எழுதித் தரவேண்டும். அட்டை இல்லையேல் அரிசி இல்லை.

"மூஞ்சி தெரியாத ஆளுக்கு எப்படிமே சர்டிபிகேட் தர்றது? சட்டம்னு ஒண்ணு கீதில்ல?" என்றார் நிமிராமலே. ஒவ்வொரு காக்கையின் இடது இறக்கையிலும் எத்தனை இறகு குறைகிறது என்று எழுதிக்கொண்டிருந்தார்.

மறுநாள் மாறுவேடம். தலையாரியின் காக்கிச் சட்டையிலும் முகம் மறைத்த முண்டாசிலும் மணியக்காரர். அவருடைய அங்கவஸ்திரத்திலும் குடையிலும் கன்னியப்பன்.

"கும்புடறேன் மணியக்கார்ரே!" என்றாள், எதிரே வந்த செங்கேணி, முண்டாசுக்காரரைப் பார்த்து.

"உஷ்! காக்கா காதுல வுழப்போவுது!"

காக்கை கன்னியப்பனை ஏறெடுத்தும் பார்க்கவில்லை. நேரே வந்து முண்டாசைத் தள்ளிவிட்டுக் கொத்தியது. செங்கேணி ஓடிப்போய் ரத்தம் வந்த இடத்தை முந்தானையால் அழுத்தினாள்.

"மூஞ்சிய மூடிக்கினு வந்தேன். நீ எப்படிமே கண்டுபுடிச்சே?"

"இருவது வருசமா உங்க கழனில நாத்து நட்டுக்கினு கீறேன். நீங்க வரப்புல வந்தா, குனிஞ்ச தலை நிமிராம காலப் பாத்தே சொல்லுவேன்."

தாண்டவராயன் முதல்முறையாக அவள் முகத்தைப் பார்த்தார்.

"நாப்பது காக்கா மூஞ்சியப் பாத்தேன். நானெல்லாம் ஒரு மணியக்காரன்!"

அன்றே சர்டிபிகேட் எழுதினார். பொய் எழுத மட்டும் கை வரவில்லை. 'இவருக்கு என்னை நன்றாகத் தெரியும்' என்று எழுதி முத்திரை குத்தினார். அட்டை வந்துவிட்டது; மேலிடத்தில் யாரும் படித்துப் பார்க்கவில்லை.

காக்கைக்கு வாய்த்த கண் உங்கள் வீட்டாருக்கும் வாய்க்கட்டும், தங்கங்களே. உங்கள் உலையில் அரிசி குறையாமல் கொதிக்கட்டும்.