கருவாட்டு வாடியும் அரசாங்க மூக்கும்

விசாரணைக்குப் போகும் பஸ்ஸில் அன்னப்பிள்ளைக்கு ஒரே பயம். கதையைப் பிழையாகச் சொல்லிப்போட்டால் என்ன செய்வது? ஆறாம் வகுப்போடு பள்ளிக்கூடம் விட்டவள். மணக்குது என்றால் அவளுடைய கருவாட்டு வாடி போச்சு. மணக்கேல்லை என்றாலும் போச்சு.

"குறுக்குக் கேள்வி வந்தால் இருமுங்கோ அக்கா," என்று பக்கத்தில் இருந்த ஸுஹறா புத்தி சொன்னாள். அவளும் அதே வாடியில்தான் மீன் காயப்போடுகிறவள். வாடி மூடினால் இரண்டு வீட்டு அடுப்பும் அணைந்துவிடும்.

நடந்தது இதுதான். மன்னார் தாழ்வுபாட்டுக் கரையில் வாடிக்குப் பக்கத்தில், இயற்கையோடு இணைந்து வாழ விரும்புகிறவர்களுக்கென்று ஒரு விடுதி எழும்பியது. இயற்கை மணக்கிறது என்று விடுதிக்காரர் முறைப்பாடு செய்தார். வருடாவருடம் புதுப்பிக்கிற சுற்றாடல் அனுமதி நின்றுபோனது.

அனுமதி கொடுக்கிற அரசாங்கக் கந்தோர் ஊரை விசாரித்தது. "மணமோ? என்ன மணம் சேர்?" என்று ஊரே திருப்பிக் கேட்டது. ஒருவரும் பொய் சொல்லவில்லை. பிறந்ததிலிருந்து அதற்குள்ளேயே மூச்சு விட்டவர்கள். ஆகவே உள்ளூர் மூக்குகள் நம்பகமற்றவை எனத் தீர்மானிக்கப்பட்டு, பதுளையில் தேயிலைக் காற்றில் வளர்ந்த ஓர் அதிகாரி வரவழைக்கப்பட்டார். வாடிப் படலையைத் திறந்ததும் மயங்கி விழுந்தார். தண்ணீர் தெளித்து எழுப்பியதும் அவர் சொன்ன முதற் சொல்: "நிராகரிக்கப்படுகிறது."

அன்னப்பிள்ளை மேன்முறையீடு செய்தாள். மறுபரிசோதனைக்குக் கட்டளை பிறந்தது. ஆனால் அது வந்துசேர்வதற்குள் அதிகாரி மன்னாரில் அறை எடுத்து, மீனும் சோறும் தின்று ஐந்தாறு மாதம் கழித்துவிட்டார். இந்தமுறை வாடி நடுவில் நின்று மூச்சை நன்றாக இழுத்தார்.

"மணம் இல்லை."

"மாதாவே, தோத்திரம்!"

"அவசரப்படாதீங்க அம்மா. மணம் இல்லையென்றால் கருவாடு இல்லை. இல்லாத தொழிலுக்கு அனுமதி கேட்டது அரசாங்கத்தை ஏமாற்றும் முயற்சி."

"சேர், நீங்கள் கட்டாக் கருவாட்டிலதான் ஏறி நிக்கிறியள்."

அதிகாரி குனிந்து பார்த்தார். "பார்வை என் பொறுப்பில்லை அம்மா. நான் மூக்குக்கு மட்டுந்தான்."

விசாரணை அறையில் அவருடைய இரண்டு அறிக்கைகளும் ஒன்றோடொன்று சண்டை பிடித்துக்கொண்டு மேசையில் கிடந்தன. விசாரணைத் தலைவர் கண்ணாடியைக் கழற்றினார்.

"சுருக்கமாச் சொல்லுங்கோ. மணக்குமோ, மணக்காதோ?"

அன்னப்பிள்ளை இருமினாள். தலைவர் காத்திருந்தார். இன்னும் பலமாக இருமினாள். அவர் அசையவில்லை. கடைசியில் பயத்தில் இரண்டையும் சொல்லிப்போட்டாள்: "உள்ளுக்கு மணக்கும் ஐயா, வெளியில மணக்காது!"

தலைவரின் முகம் மலர்ந்தது. இரண்டு அறிக்கையும் சரி; அரசாங்கத்தில் ஒருவரும் பிழைவிடவில்லை! அதுவே கட்டளையானது: வேலிக்கு உள்ளே மணம் இருத்தல் வேண்டும், வெளியே இருத்தல் ஆகாது. எந்த மணம் என்று யாரும் கேட்கவில்லை.

பரிசோதனை நாளில் அன்னப்பிள்ளை வாடிக்குள் சாம்பிராணி புகைத்தாள். அதிகாரி உள்ளே நின்று, "உண்டு" என்றார். வெளியே போய், "இல்லை" என்றார். அனுமதி கிடைத்தது. மூக்கைப் பொத்திக்கொண்டு ஓடிவந்த விடுதிக்காரர், அரசாங்க மூக்குக்கு எட்டாத மணத்தை முகர்வது சட்டவிரோதம் என்று எச்சரிக்கப்பட்டார்.

அடுத்த மாதமே அதிகாரிக்கு வேறு ஊருக்கு இடமாற்றம் வந்தது.

"அக்கா, புது மூக்கு வந்தால்?" என்று ஸுஹறா அலறினாள்.

நேற்றுவரை அவரைத் திட்டிய கரை முழுவதும் மாலையோடு கந்தோர் வாசலில் போய்க் குந்தியது. "இந்தத் தங்கமான மனிசனை எங்களிட்டயிருந்து பிரிக்காதேங்கோ!" மாற்றம் ரத்தானது. அதிகாரி தேம்பித் தேம்பி அழுதார். என்ன பாசம் என்று எல்லோரும் மெச்சினார்கள்.

லீவில் பதுளைக்குப் போனவர் மறுநாளே திரும்பி வந்தார். மனைவி மூக்கைப் பொத்திக்கொண்டு கதவைச் சாத்திவிட்டாளாம்.

அதைக் கேட்டதும் அன்னப்பிள்ளை கணக்குப் பார்த்தாள். நாட்டில் இன்னும் எத்தனை பழுதாகாத மூக்குகள்! இவர் பென்சனில் போனால் எது வருமோ? பாதுகாப்புக்காக அவள் கிழமை தவறாமல் கருவாட்டுப் பார்சல் அனுப்பத் தொடங்கினாள். அதிகாரியின் மனைவிக்கு, தலைமைக் கந்தோருக்கு, விசாரணைத் தலைவருக்கு. விடுதிக்கும் வேலிக்கு மேலால் ஒன்று.

இப்போது எந்தக் கந்தோரிலும் எந்த நாற்றமும் ஒருவருக்கும் தெரிவதில்லையாம். அன்னப்பிள்ளை நிம்மதியாக மூச்சு விடுகிறாள். அவளுக்கும் தெரிவதில்லை.