ராணியைக் கொஞ்சிய மந்திரி

சினிமாவில் நான் பத்தொன்பது ராஜாக்களுக்கு மந்திரியாக இருந்திருக்கிறேன். (ஒருவருக்கும் உருப்படியாக யோசனை சொன்னதில்லை. எழுதித் தந்தால்தானே சொல்ல!) "ராஜா வேஷம் கிடைக்கவே இல்லையா?" என்று யாராவது கேட்டால், என் மூக்கைக் காட்டிச் சமாளித்துவிடுவேன். மூக்கின்மேல் குற்றமில்லை. நான் ஒரு ராஜாவைக் கவிழ்த்தவன்.

படங்கள் பேசத் தொடங்குவதற்கு இருபது வருஷம் முந்தி அது. எனக்கு வயது இருபத்திரண்டு. எங்கள் நாடகக் கம்பெனி ஏரலில் ஆற்றங்கரையோரம் கொட்டகை போட்டிருந்தது. சங்கரலிங்கம் ராஜபார்ட், நான் மந்திரி. இருவருக்கும் ஒரே வயது, ஒரே அறை. அவன் பாடினால் அக்கரையில் துணி துவைப்பவர்கள் கையை நிறுத்துவார்கள். நான் "உத்தரவு மன்னா" என்று குனிவேன். என் குரலும் மோசமில்லை என்பது என் அபிப்பிராயம். (அந்த அபிப்பிராயத்துக்கு வேறு பங்காளி கிடையாது.)

அந்த மாதம் சங்கரலிங்கத்துக்குத் தொண்டை கட்டிக்கொண்டது. மிளகு, பனங்கற்கண்டு, சித்தரத்தை எதற்கும் மசியவில்லை. இரண்டு ஆட்டங்களில் உச்சத்தில் போய்க் குரல் உடைந்தது. "இன்னொரு தரம் உடைஞ்சா வேற ஆள் பாத்துக்கிடுதேன்" என்று முதலாளி சொல்லிவிட்டார்.

திருவிழா ஆட்டத்தன்று மத்தியானம், கிரீடத்தைத் துடைத்துக்கொண்டே சங்கரலிங்கம் சொன்னான்:

"வே, ராணிகிட்ட பாடுத பாட்டுல ரெண்டாவது அடி மேல போகுதுல்லா? அங்கன எனக்குத் தொண்டை இழுத்துச்சுன்னா, நீரு சட்டுன்னு வந்து 'மன்னா, எதிரிப் படை வருகிறது'ன்னு சொல்லிரும். நான் வாளை உருவிக்கிட்டு உள்ள போயிருதேன். ஒருத்தருக்கும் தெரியாது."

"இவ்வளவுதானா? நான் பாத்துக்கிடுதேன்."

"மறந்துராதேயும் வே. இந்த வேஷம் போச்சுன்னா எனக்கு வேற தொழில் தெரியாது."

நான் மறக்கவில்லை. மறந்திருந்தால்கூடத் தேவலை.

பொழுது சாயுமுன்பே கொட்டகை நிறைந்துவிட்டது. பாட்டின் இரண்டாவது அடியில் சொன்னபடியே குரல் நின்றது. சங்கரலிங்கம் என் பக்கம் பார்த்தான். நான் மேடைக்கு வந்தேன். ஆர்மோனியக்காரர் விடாமல் சுருதியைப் பிடித்துக்கொண்டிருந்தார். எதிரே அத்தனை முகங்கள், அத்தனையும் என்னைப் பார்த்து! எதிரிப் படை எங்கே தொலைந்ததோ, அவன் விட்ட அடியிலிருந்து நான் பாட ஆரம்பித்துவிட்டேன்.

குரல் கணீரென்றுதான் வந்தது. அதுதான் வினை. இரண்டு அடி கழித்துத்தான், என்ன பாடுகிறோம் என்பதே எனக்கு உறைத்தது. இடுப்புவரை வெள்ளைத் தாடியைத் தொங்கவிட்டுக்கொண்டு, ராஜாவைப் பக்கத்தில் நிறுத்திவைத்துவிட்டு, "கண்ணே, என் மார்பில் சாய்வாய்" என்று அவர் மனைவியைக் கூப்பிட்டுக்கொண்டிருந்தேன். ராணி வேஷக்காரர் பாவம், பழக்கதோஷத்தில் வந்து சாய்ந்தும்விட்டார்.

முன்னால் இருந்த ஒருவர் எழுந்தே நின்றுவிட்டார்.

"ஏலே, ராஜா பொண்டாட்டிய மந்திரி கொஞ்சுதான்! ராஜா பாத்துக்கிட்டு நிக்கான்லே!"

கொட்டகையே குலுங்கியது. எப்படியாவது காட்சியை முடித்துவிடலாமென்று சங்கரலிங்கம் வாளை உருவினான். அது இன்னும் மோசமாகப் போயிற்று. "வெட்டும் வே, வெட்டும்!" என்று நாலாபக்கமும் கூச்சல். அவன் என்னை ஒரு தரம் பார்த்துவிட்டு உள்ளே போனான். அதற்கப்புறம் ராஜா மேடைக்கு வந்தபோதெல்லாம் சிரிப்புத்தான். ராணி செத்து அவன் அழுத இடத்தில், "மந்திரிக்குச் சொல்லியாச்சா வே?" என்று ஒரு குரல் கேட்டது.

மறுநாள் காலையில் முதலாளி அவனை அனுப்பிவிட்டு, கிரீடத்தை எனக்குக் கொடுத்தார். (ஆமாம், வாங்கிக்கொண்டேன்.) அவன் பெட்டி கட்டுகிற நேரத்தில் நான் குளிக்கப் போய்விட்டேன். விரலெல்லாம் சுருங்கும்வரை ஆற்றிலேயே கிடந்தேன்.

ராஜாவாக நான் தாக்குப்பிடித்தது நாலே ஆட்டம். தலையைக் காட்டினாலே "கிரீடத்தையும் எடுத்துக்கிட்டான்லே!" என்று கத்தினார்கள். மறுபடி தாடிக்கே திரும்பினேன். பிறகு சினிமா வந்தது. தாடியும் கூடவே வந்தது.

பல வருஷம் கழித்து, ஒரு கல்யாணத்துக்காகத் திசையன்விளைக்குப் போயிருந்தேன். கடைத்தெருவில் ஒரு கருப்பட்டிக் கடைக்குள்ளிருந்து உடைந்த குரல் ஒன்று கூப்பிட்டது.

"வாரும் வே, மந்திரி!"

சங்கரலிங்கம்தான். என்னைப் பேசவே விடவில்லை, கையைப் பிடித்து வீட்டுக்கு இழுத்துக்கொண்டு போனான். "ஏட்டி, யாரு வந்திருக்கான்னு வந்து பாரு!"

அவன் மகள் எட்டிப் பார்த்தாள். "இவுகளாப்பா ராணியக் கொஞ்சுனவுக?"

வீடே சிரித்தது. அவன் எழுந்து நின்று முழுவதையும் நடித்துக் காட்டினான். என் நடை, என் தாடி, ராணி சாய்ந்தது, வாளோடு அவன் முழித்தது, ஒன்றும் விடவில்லை. நல்லது கெட்டது எதற்குக் கூடினாலும் அந்த வீட்டில் இன்றைக்கும் இந்தக் கதை உண்டு என்கிறார்கள். அந்தக் கதையில் நான் வசனத்தை மறந்து, பயத்தில் வாய்க்கு வந்ததைப் பாடிவிட்ட ஓர் அப்பாவி.

அன்று மத்தியானம் அவன் என்னிடம் கேட்டுக்கொண்டதை மட்டும் அவன் யாரிடமும் சொல்லியிருக்கவில்லை. நானும் அவர்களோடு சேர்ந்து சிரித்துவிட்டுத்தான் வந்தேன்.