தாலி இல்லாத கல்யாண வீடியோ

கல்யாண வீடியோவை யாரும் படமாகப் பார்ப்பதில்லை. தன் மூஞ்சி எங்கே வருகிறது என்றுதான் பார்க்கிறார்கள். இது தெரியாத மடையனாக நான் ஒரத்தநாட்டில் எடிட்டிங் கடை வைத்திருந்தேன்.

காரணம் ஒரு கொரியாக்காரி. கொரியாவில் கார் கம்பெனியில் வேலை பார்த்த சிநேகிதன் லீவில் வரும்போது பை நிறைய சினிமா டிவிடி கொண்டுவந்தான். படம் முடிந்து ஓடும் பெயர்களில் ஒன்று, வட்டமும் குச்சியுமாக, திரும்பத் திரும்ப வந்தது. "எடிட்டர்டா, பொம்பளை" என்றான். எனக்குப் படிக்கத் தெரியாது, வடிவம் பழகிவிட்டது. பழைய படங்களில் உதவியாளர் கூட்டத்தில் பொடி எழுத்தாகக் கிடந்த பெயர், போகப் போகத் தனியாகத் திரை நடுவில் நின்றது. ஒரு மனுஷி முன்னுக்கு வந்த கதையை இப்படித்தான் தெரிந்துகொண்டேன். என்ன வேலைக்காரி! முக்கியமான சம்பவத்தைக் காட்டவே மாட்டாள். அதைப் பார்க்கிறவன் முகத்தைக் காட்டுவாள். காட்டாதது நம் கண்ணுக்குத் தெரியும். (நானோ ரோஜாப்பூவைச் சுற்றவிட்டு மாப்பிள்ளை தலையில் இறக்கிக்கொண்டிருந்தேன். தூ!)

அப்போதுதான் ராஜேந்திரன் அண்ணன் மகள் கல்யாணம் வந்தது. அவர் மஸ்கட்டில் டிரைவர். லீவு கிடைக்கவில்லை. போனில் அழாத குறை.

"தம்பி, பெத்த பொண்ணு கல்யாணத்த ஒன் டிவிடியிலதான் பாக்கப் போறேன். ஒண்ணு விடாம போடுய்யா."

எல்லாவற்றையும் விட்டேன். பந்தியை வெட்டினேன். பரிசு கொடுக்க மேடையேறிய வரிசையை வெட்டினேன். மாலை போட்ட தாய்மாமனை 'நடிப்பு போதாது' என்று வெட்டினேன். தாலி கட்டும் நேரம் கெட்டிமேளம் மட்டும் கேட்கும். திரையில் பெண்ணின் அம்மா முகம். அப்புறம் முன்வரிசையில் ஒரு காலி நாற்காலி. (எதற்கு என்று எனக்கே தெரியாது. கொரியாக்காரி அப்படித்தான் வைப்பாள்.) கடைசியில் என் பெயர். தனியாக, திரை நடுவில்.

மஸ்கட்டில் அண்ணன் ரூம்காரர்களை எல்லாம் உட்காரவைத்து, கறிச்சோறு போட்டுப் படத்தை ஓட்டியிருக்கிறார். போன் வந்தது.

"டேய், தாலி எங்கடா?"

"அண்ணே, அத... காட்டாம காட்டியிருக்கேண்ணே."

"ஒன் பொண்ணுக்குக் கல்யாணம் ஆச்சா இல்லியான்னு ரூம்ல கேக்குறானுங்கடா!"

அதற்குள் தாய்மாமன் கடைக்கு வந்துவிட்டார். "எம் மூஞ்சி ஒன்ன என்னடா பண்ணுச்சு?"

சாம்பார் கிண்டியவர் வரை சேர்த்து, முழுசாகப் போட்டு அனுப்பினேன்.

அடுத்த லீவில் அண்ணன் நேரே கடைக்கு வந்தார். நான் மானிட்டருக்குப் பின்னால் பதுங்கினேன். அறை விழுந்தால் அது முதலில் வாங்கட்டும்.

"முழுசு ஊருக்குப் போட்டுக் காட்ட இருக்கட்டும். அந்த வெட்டுனது இன்னொண்ணு குடு. பாத்துப் பாத்துக் கீறிப் போச்சு."

"அண்ணே?"

"அந்த நாற்காலி எனக்குப் போட்டதுதான?"

தாய்மாமன் வெற்றிலை துப்ப எழுந்துபோன நாற்காலி அது. புது டிவிடி ஒன்றை எடுத்து எழுதப் போட்டேன். கொரியாக்காரி எவ்வளவு பெரிய ஆள் என்று அன்றைக்குத்தான் புரிந்தது.

என் கல்யாணத்தில் நான் தாலியைக் கையில் எடுத்ததும் முன்வரிசையிலிருந்து அண்ணன் கத்தினார்: "கேமராக்காரரே, தாலியப் புடிங்க! என் மூஞ்சியப் புடிக்காதீங்க!" மண்டபமே சிரித்தது. மணப்பெண் ஏன் என்று கேட்டுத் தெரிந்துகொண்டாள். அதுதான் வினை. இன்றைக்கும் நான் மளிகைக் கடைக்குப் போய்த் திரும்பினால் பையைக் கவிழ்த்துவிட்டுக் கேட்கிறாள்:

"உப்பு எங்க? காட்டாம காட்டியிருக்கீங்களா?"