மாப்பிள்ளை சுருக்கிக் கொடுத்த வீடியோ

அன்புள்ள மாப்பிள்ளைக்கு, மாமனார் எழுதுவது. நீங்களும் என் மகளும் சௌக்கியமாக இருக்க வேண்டும். இங்கே நான் சுமார். உங்கள் அத்தை என்னோடு பேசுவதில்லை. டிவியும் அப்படித்தான்.

போன மாதம் வந்திருந்தபோது, கொடுத்த காப்பி ஆறுவதற்குள் டிவியில் செருகியிருந்த பென்டிரைவை உருவினீர்கள். "மாமா, இந்த வீடியோவெல்லாம் ஏவிஐ ஃபைல். ரொம்பப் பழசு, இடத்தை அடைக்குது. எம்கேவியா மாத்திட்டா அளவு பாதி, படம் அப்படியே இருக்கும்" என்றீர்கள். கோடெக் என்றீர்கள், இன்னும் என்னென்னவோ சொன்னீர்கள். நானும் தலையாட்டினேன். பென்டிரைவில் இடம் போதாமல் நாங்கள் என்ன தெருவிலா படுத்திருந்தோம்? அதைக் கேட்கத் தோன்றவில்லை. மாற்றினீர்கள், பழையதை அழித்தீர்கள், ஊருக்குப் போய்விட்டீர்கள். இப்போது செருகினால் "இந்தக் கோப்பை இயக்க முடியாது" என்கிறது டிவி. நீங்கள் சொன்னபடி அளவு பாதிதான். படம்தான் முழுசாகக் காணோம்.

ஏவிஐ கிழடு என்பதை ஒப்புக்கொள்கிறேன். முகமெல்லாம் கட்டம் கட்டமாகத் தெரியும். சத்தம் படத்துக்குப் பின்னால் மூச்சு வாங்கிக்கொண்டு ஓடிவரும். என் மகளின் ஐந்தாவது பிறந்தநாளில் பலூன் வெடித்து, எல்லாரும் பதறி முடித்த பிறகு சாவகாசமாக "டப்" என்று கேட்கும். கேட்கட்டுமே! கூப்பிட்டால் வந்தது. உங்கள் புதுசு மகா புத்திசாலி, அதனால் யாருக்கும் முகம் காட்டுவதில்லை.

அந்தப் பிறந்தநாள் வீடியோவை எடுத்தவள் உங்கள் அத்தையின் தங்கை. அவள் போய்ச் சேர்ந்து வருஷங்கள் ஆகின்றன. கேமராவுக்குப் பின்னால் நின்றதால் முகம் இல்லை, குரல் மட்டும்தான். அந்தக் குரல் எங்களிடம் வேறு எதிலும் இல்லை. ஞாயிறுதோறும் அதைக் கேட்டுவிட்டுத்தான் உங்கள் அத்தை அடுப்படிக்குப் போவாள். இப்போது அணைந்த டிவி முன்னால் உட்கார்ந்திருக்கிறாள். "என்னை ஒரு வார்த்தை கேட்டீங்களா?" என்று ஒரே ஒரு தடவை கேட்டாள். எனக்குத் தாங்கவில்லை மாப்பிள்ளை.

எனக்கும் அதில் ஒரு சுகம் உண்டு. பலூனுக்குப் பிறகு என் மச்சான் முகம் வரும். அப்போது அவள் குரல்: "அக்கா, இங்க பாரேன்! ஒண்ணுமே புரியல, எல்லாம் புரிஞ்ச மாதிரி தலையாட்டுறார்!" அதன்பின் அந்தச் சிரிப்பு. மச்சானை இவ்வளவு கச்சிதமாக யாரும் சொன்னதில்லை. அவர் வரும்போதெல்லாம் போட்டுக் காட்டுவேன்.

ஆகவே பழையதை எந்தக் குப்பையைக் கிளறியாவது எடுத்து அனுப்பவும். உங்கள் இருவருக்கும் எங்கள் ஆசிகள். இதையாவது சுருக்காமல் முழுசாக வைத்துக்கொள்ளவும்.

இப்படிக்கு,
உங்கள் மாமனார்

பின்குறிப்பு: உறையை ஒட்டப் போகிறேன், கூடத்து டிவியிலிருந்து "டப்". டிவி பல மாதமாக "புதுப்பிக்கவா?" என்று கேட்டுக்கொண்டிருந்தது, நான் "பிறகு" என்றே அழுத்திவந்தேன். உங்கள் அத்தை "சரி" என்று அழுத்திவிட்டாள். நீங்கள் மாற்றிக் கொடுத்த வீடியோ ஓடுகிறது. பலூன் வெடிக்கும்போதே சத்தமும் வெடிக்கிறது. தங்கை குரலும் சரியான நேரத்துக்கு வருகிறது. உங்கள் அத்தை அழுதாள், பிறகு சிரித்தாள், இன்னும் நிறுத்தவில்லை. ஏனென்றால் "தலையாட்டுறார்" என்று குரல் வரும்போது மச்சான் இன்னும் படத்துக்குள் வரவில்லை. நான்தான் நிற்கிறேன். தலையாட்டிக்கொண்டு.

ஞாயிற்றுக்கிழமை மச்சான் வருகிறார். அதற்குள் சத்தத்தைப் பழையபடி பின்னால் தள்ளிக் கொடுக்க முடியுமா?