டாக்டர் ஆதிநாராயணன் திறந்த ஆறாம் வகுப்பு

இந்தியக் கல்வி எந்தத் திசையில் போகவேண்டும் என்பதை மூன்று தொகுதிகளில், ஆயிரத்து இருநூறு பக்கங்களில் எழுதி முடித்துவிட்டார் டாக்டர் ஆதிநாராயணன். பாக்கி, கல்வி கிளம்பிப் போகவேண்டியது ஒன்றுதான். அவர் அரசியல் விஞ்ஞானி. அரசியலையே விஞ்ஞானம் ஆக்கியவருக்குக் கல்வி எம்மாத்திரம்? சர்க்கார் ஒரு கொள்கை வகுத்தால் அவர் அதற்கு நூல் எழுதுவார். அவர் ஒரு நூல் எழுதினால் சர்க்கார் அதற்கொரு கொள்கை வகுக்கும். இந்த ஏற்பாட்டுக்குள் பள்ளிக்கூடம் எதுவும் குறுக்கே வந்ததில்லை.

அப்படிப்பட்டவர் நான்காம் தொகுதிக்காக விருத்தாசலம் வருகிறார் என்று 1970 பிப்ரவரியில் தபால் வந்தது. ரயில் பாதைக்கு இந்தப் பக்கம் இருந்த தொடக்கப் பள்ளியின் தலைமை ஆசிரியர் தேவநாதன் முதலில் வருகைப் பதிவேட்டை எடுத்துப் புரட்டினார். கூடவே அவருக்கு ஓர் ஆசையும் பிறந்தது. ஐந்தாவதோடு நின்றுபோகும் தன் பள்ளிக்கு ஆறாம் வகுப்பு கேட்டு அவர் ஏழு வருஷமாக மனுப் போட்டுக்கொண்டிருந்தார். "பரிசீலனையில் உள்ளது" என்று ஏழு பதில்கள் வந்திருந்தன. ஒன்றில்கூட எழுத்துப் பிழை இல்லை.

ஆறாவது படிக்கத் தண்டவாளத்தைத் தாண்டி இரண்டு மைல் நடக்க வேண்டும். பையன்கள் நடந்தார்கள். பெண்கள் ஐந்தாவது முடித்த கையோடு பக்கத்துப் பீங்கான் பொம்மைக் கொட்டகைக்குப் போனார்கள். அச்சிலிருந்து எடுத்த சுடாத பொம்மைகளின் ஓரத் தழும்பைக் கத்தியால் சுரண்டி, ஈரத்துணியால் துடைத்துச் சூளைக்கு அனுப்பும் வேலை. சாதிகாவும் இரண்டு வருஷத்துக்கு முன் அப்படிப் போனவள். பொம்மை சுற்றுகிற பழைய செய்தித்தாளையும் விடாமல் படிக்கிற பெண். அவளுடைய அம்மா ரஹ்மத் பீவியிடம் தேவநாதன் போய்ப் பேசியபோது அவர் பேச்சை வளர்க்கவில்லை.

"தண்டவாளத்தத் தாண்டி அனுப்ப மாட்டேங்க. இங்கயே ஆறாவது வந்துச்சுன்னா அன்னிக்கே வேலய வுட்டு நிறுத்திடறேன்."

படிப்பை விட்ட பிள்ளையின் பெயரைப் பதிவேட்டில் அடிக்காமல் வைத்திருப்பது அந்த வட்டாரத்து ஆசிரியர்களின் பழைய வழக்கம். தலை குறைந்தால் ஆசிரியரும் குறைவார். தேவநாதன் பதிவேட்டில் கொட்டகைப் பெண்கள் இருபத்திரண்டு பேரும் தினமும் தவறாமல் ஆஜரானார்கள். இன்ஃப்ளூயென்சா வந்த மாதத்தில்கூட. டாக்டர் வரும் நாளில் மட்டும் அவர்கள் உடம்போடும் ஆஜராக வேண்டியிருந்தது. ஆறாவதுக்கு ஆள் இருக்கிறது என்று காட்ட வேண்டுமே. கொட்டகை முதலாளி பெரிய மனது பண்ணி ஒரு மணி நேரம் விட்டார். அந்த ஒரு மணியைச் சாயங்காலம் ஈடுகட்டிவிட வேண்டும் என்று மட்டும் சொன்னார். பெண்கள் கை கழுவக்கூட நேரமில்லாமல் ஓடிவந்து உட்கார்ந்தார்கள்.

டாக்டர் ஜீப்பில் வந்தார். பதிவேட்டைத் தொடவில்லை. முதல் வரிசையில் இருந்த சாதிகாவின் கைகளைப் பார்த்தார்.

"கையில் என்னம்மா வெள்ளையாக?"

சாக்பீஸ் என்று சொல்லும்படி ஏற்பாடு. சாதிகாவுக்கு அது மறந்துபோனது.

"பொம்ம தொடச்சிட்டு வந்தோம் சார். ஒரு நாளைக்கி எரநூறு."

தேவநாதன் தன் வேலை போனதைக் கண்ணால் பார்த்தார். ஆனால் டாக்டரின் முகம் மலர்ந்தது. மூன்றாம் தொகுதி, ஒன்பதாம் அத்தியாயம், 'உழைப்பின் வழிக் கல்வி', அவர் எதிரில் சம்மணமிட்டு உட்கார்ந்திருந்தது.

"இது யாருடைய ஏற்பாடு?"

உண்மையைச் சொன்னால் பதிவேட்டையும் சொல்ல வேண்டும். தேவநாதன் கைகட்டி நின்றார்.

"ஐயா மூணாம் தொகுதியில எழுதின மாதிரியேதாங்க."

அந்தத் தொகுதியை அவர் கண்ணால் கண்டதில்லை; நான்காவதுக்கு முன்னால் மூன்றாவது இருந்தாக வேண்டும் என்ற கணக்குதான். டாக்டர் அவர் தோளில் தட்டி, ஆறாம் வகுப்பு நிச்சயம் என்று வாக்குக் கொடுத்துவிட்டு ஜீப் ஏறினார். ரஹ்மத் பீவி மறுநாளே கொட்டகைக்குப் போய், ஜூன் மாதத்திலிருந்து மகள் வரமாட்டாள் என்று சொல்லிவிட்டார். முதலாளி அந்த இடத்துக்கு வேறு பெண்ணைப் பார்க்க ஆரம்பித்தார்.

மே மாதக் கடைசியில் உத்தரவு வந்தது. ஆறு பக்கம். இன்னும் அச்சாகாத நான்காம் தொகுதியை இரண்டு இடங்களில் மேற்கோள் காட்டியிருந்தது.

"மேற்படிப் பள்ளி மாணவியர் உழைப்பின் வழியே ஆறாம் வகுப்பை ஏற்கனவே பயின்று வருவது, தலைமை ஆசிரியர் நேரில் உறுதிப்படுத்தியபடி, ஒருநபர் அறிஞர் குழுவால் கண்டறியப்பட்டுள்ளது. எனவே மேற்படி பொம்மைக் கொட்டகையே ஆறாம் வகுப்பாக இதனால் அங்கீகரிக்கப்படுகிறது. கூடுதல் ஆசிரியர், கட்டடம், பாடநூல் ஆகியன தேவைப்படா."

இதே உத்தரவைக் காட்டித் தாலுக்காவில் ஆறாம் வகுப்பு கேட்டு நிலுவையில் இருந்த மற்றப் பதினொரு மனுக்களும் ஒரே நாளில் பைசல் செய்யப்பட்டன. ஏழு வருஷம் அசையாத சர்க்கார் ஒரு நூலால் அசைந்தது. எழுத்தின் வலிமை அது.

உத்தரவை மாணவியர் முன் வாசிக்க வேண்டும் என்று கடைசிப் பக்கத்தில் இருந்தது. தேவநாதன் கொட்டகைக்குப் போய் வாசித்தார். பெண்கள் சுரண்டிக்கொண்டே கேட்டார்கள். சாதிகா மட்டும் கத்தியைக் கீழே வைத்தாள். தாளை வாங்கி, ஆறு பக்கத்தையும் முத்திரை வரை தானே படித்தாள்.

"'தலைமை ஆசிரியர் நேரில் உறுதிப்படுத்தியபடி'ன்னு போட்டிருக்குது. நீங்க சொன்னதா சார்?"

தேவநாதன் தலையாட்டினார்.

"அப்ப சரியாத்தான் இருக்கும்" என்று தாளை மடித்துக் கொடுத்தாள். "ஏழாவது எந்தக் கொட்டகையில நடக்குதுன்னும் நீங்களே சொல்லிடுங்க சார்."