பப்பாளிக்காரரின் வலது முழங்கால்

ஓரடியை மண்ணில் ஊன்றி, மற்றோர் அடியால் விண்ணை அளந்த பெருமானே, அடியேன் எழுதப் புகும் இச்சிறு நினைவு பிழையின்றி முடிய நின் திருவடியே துணை. இன்று ஆவணித் திருவோணம். ஒரு காலின் பெருமையைப் பேசுவதற்கு ஆண்டில் இதனினும் தகுந்த நாள் இல்லை.

சங்ககிரி தோன்றிய நாள் முதலாக அங்கே வாழ்ந்தோர் அனைவரையும் வரிசையில் நிறுத்திப் பார்த்தாலும், பப்பாளிக்காரரைப் போல உடம்பெல்லாம் உடைந்தும் உள்ளத்தில் கீறல்கூட விழாத மனிதர் இன்னொருவர் அகப்படமாட்டார்.

ஐம்பதுகளின் கடைசியில், நான் தலைமைக் குமாஸ்தாவாக இருந்த லாரி புக்கிங் ஆபீசுக்கு அவர் தற்காலிக வேலைக்கு வந்தார். எடப்பாடி நெசவாளர் குடும்பத்தில் பிறந்து, மலேயா ரப்பர்த் தோட்டத்தில் கிராணியாக, அதாவது கணக்கெழுதுபவராக, இருந்த தந்தையிடம் வளர்ந்தவர். ரக்பி என்னும் ஆட்டத்தை அந்த நாட்டுக்காகவே ஆடியவர். கையோடு கொண்டுவந்த பந்து, இரு முனையும் கூம்பி, பழுத்தும் பழுக்காத நிறத்தில் மேசைமேல் இருந்தது. முதல் நாளே லோடு கேட்டு வந்த டிரைவர் ஒருவர் அதை எடுத்து முகர்ந்து பார்த்து, "பழுக்க இன்னும் ரண்டு நாளாகுமுங்க" என்று சொல்லி வைத்துவிட்டுப் போனார். பெற்றோர் இட்ட பெயர் அன்றோடு மறைந்தது.

அவருடைய வெற்றிகளை எலும்புகளின் வரிசையில்தான் அவர் சொல்லுவார். சயாம் நாட்டாரோடு ஆடியபோது காரை எலும்பு முறிந்தது. முறிந்த தோளோடு பந்தை மார்பில் அணைத்து ஓடி, எல்லைக்கோட்டுக்கு அப்பால் விழுந்து, அதை மண்ணில் பதித்தார். மலேயா வென்றது. இலங்கையாரோடு ஆடியபோது விலா எலும்பு மூன்று போயின. அன்றும் மலேயா வென்றது. எலும்பு உடையாமல் ஆடிய ஒரே ஆட்டத்தில் தோற்றார்களாம். அதன்பிறகு, அவர் தூக்கிச் செல்லப்பட்டால்தான் ஜெயம் என்று அணியினரே நம்பத் தொடங்கிவிட்டார்கள். கடைசியாக வலது முழங்காலின் சவ்வு கிழிந்தது. அங்கத்திய டாக்டர் கத்தியை எடுக்க, இவர் கப்பலேறி ஊருக்கு வந்துவிட்டார்.

புதுச்சத்திரத்துக்கு அருகே எலும்புக்குக் கட்டுப் போடும் முதியவர் ஒருவர் இருந்தார். நானே அவரிடம் அழைத்துச் சென்றேன். முழங்காலைத் தடவிப் பார்த்த வைத்தியர், எதில் விழுந்தீர்கள் என்று கேட்டார். தாம் விழவில்லை என்றும், பத்துப் பன்னிரண்டு பேர் தம்மேல் விழுந்தார்கள் என்றும் இவர் பணிவாகச் சொன்னார்.

"எதுக்குங்க உளுந்தாங்க?"

"எங்கிட்ட இருந்த பந்துக்குங்க."

வைத்தியர் மூங்கில் பத்தையைக் கையில் எடுத்தார். "ஆளுக்கொரு பந்து வாங்கிக் குடுத்திருக்கலாமுங்களே" என்றார்.

முட்டை வெள்ளையும் உளுந்து மாவும் குழைத்துப் பூசி, மூங்கில் பத்தை வைத்துக் கட்டி, ஒரு மண்டலம், அதாவது நாற்பத்தெட்டு நாள், காலை ஊன்றி ஓடக் கூடாது என்று வைத்தியர் கட்டளையிட்டார். கட்டவிழும் நாளுக்கு இரண்டு நாள் கழித்து நாகப்பட்டினத்திலிருந்து கப்பல். அணித்தலைவரின் கடிதம் இவருடைய சட்டைப் பையில் எப்போதும் இருந்தது. கால் தேறினால் சயாம் பயணத்தில் உன் இடம் உனக்கே என்று அதில் எழுதியிருந்தது. வயது முப்பத்திரண்டு, அவ்வாட்டத்தில் இன்னொரு பயணம் கிடைக்கும் வயதன்று. அதனால் தேங்காய் உடைக்கக்கூடக் குனியாமல், அந்தக் காலைக் கைக்குழந்தையைப் போல் காத்தார்.

எனக்கு அந்த ஆட்டத்தில் மதிப்பில்லை. பந்தை முன்னே எறியக் கூடாது, பின்னால் வருகிறவனுக்கே கொடுக்க வேண்டும், பந்துக்கு முன்னால் நிற்பவன் ஆட்டத்தில் கை வைக்கவே கூடாது என்று அவர் சொன்னபோது, முன்னேறுவதற்குப் பின்னால் எறியும் அறிவை எந்தப் பள்ளியில் கற்பித்தார்கள் என்று கேட்டேன். அவர் கோபித்துக்கொள்ளவில்லை. பெருமாள் புறப்பாட்டில் பாசுரம் ஓதும் கோஷ்டியில் நான் முன்னே செல்வதை அவர் பார்த்திருந்தார்.

"எங்க ஆட்டத்துல பந்துக்கு முன்னால நிக்கறது குத்தமுங்க. நீங்க சாமிக்கே முன்னால நிக்கறீங்களே, சாமி?"

"எங்க பெருமாளு தமிழுக்குப் பின்னால வாரவருங்க. நாங்க முன்னால போனாத்தான் அவரு நகருவாரு."

"எங்க நடுவரு மட்டும் உங்களப் பாத்தாருன்னா, ஊதி ஊதியே உசுர உட்டுருவாருங்க."

நாற்பத்தாறாம் நாள் சித்திரைத் தேர். இரண்டு வடங்களுக்கும் இடையே, தேருக்கு முன்னால் கோஷ்டி செல்வது எங்கள் ஊர் வழக்கம். ஓதும்போது கண்ணை மூடிக்கொள்வது என் வழக்கம். ஊர் வழக்கத்தில் குற்றமில்லை. தெரு சரிவாக இறங்கும் மூலையில் தேர்ச்சக்கரத்துக்குப் போட்ட முட்டுக்கட்டை நொறுங்கியது. தேர் தானாக உருளத் தொடங்க, வடம் தளர்ந்தது. இழுத்தவர்கள் விலகினார்கள், கோஷ்டியும் விலகியது. "தேரு, தேரு" என்று ஊரே கத்திற்று. அக்கூச்சலைப் பக்திப் பெருக்கென்று எண்ணி, நான் குரலை இன்னும் உயர்த்தினேன்.

இடுப்பில் ஏதோ மோதியது. எருமை என்றே நினைத்தேன். கண் திறந்தபோது கடை வாசலில் சரிந்து கிடந்த வாழைத்தார்களின்மேல் நான் கிடந்தேன். இரண்டு கைகள் என் இடுப்பைப் பூட்டியிருந்தன. அவை பப்பாளிக்காரருடையவை. எதிர்ச் சாரியில் கோலூன்றி நின்றிருந்தவர், கோலைத் தெருவில் எறிந்துவிட்டுக் கட்டுப் போட்ட காலை ஊன்றியே ஓடிவந்து பாய்ந்திருக்கிறார். இதை அறியாத நான் சொன்ன முதல் வார்த்தையை இன்றும் நினைத்து நாணுகிறேன்.

"ஏனுங்க, பாசுரம் முடிய இன்னும் ரண்டு அடி இருந்துச்சுங்களே."

அவர் முகம் வெளுத்திருந்தது. "மிச்சத்தப் படுத்துட்டே பாடுங்க, சாமி" என்றார்.

தேர் எதிரே இருந்த மேட்டில் ஏறி நின்றிருந்தது. நான் நின்ற இடத்தில் அவருடைய கோல் இரண்டாக முறிந்து நசுங்கிக் கிடந்தது.

மறுநாள் வைத்தியர் கட்டை அவிழ்த்தார். அன்று அவருக்கும் வேடிக்கைப் பேச்சு வரவில்லை. முழங்காலை நெடுநேரம் பிடித்துப் பார்த்துவிட்டு, "நடக்கலாமுங்க" என்று மட்டும் சொன்னார். ஓடுவது பற்றி அவர் சொல்லவில்லை, பப்பாளிக்காரரும் கேட்கவில்லை. திரும்பும் வழியில் இவர் என்னிடம் பேனா வாங்கினார். சட்டைப் பையிலிருந்த கடிதத்தின் பின்புறத்திலேயே வரைவு எழுதி, ஆபீசுக்கு வந்து நல்ல தாளில் பெயர்த்தெழுதி அஞ்சலில் சேர்த்தார். என்ன எழுதினீர்கள் என்று கேட்க எனக்கு இரண்டு நாள் ஆயிற்று.

"எடத்தைப் பின்னால வாரவனுக்குக் குடுத்துருங்கன்னு எழுதிட்டனுங்க. எங்க ஆட்டத்துல வேற பக்கம் குடுக்க முடியாதுங்களே."

மன்னிக்கச் சொல்லிக் கேட்க வாய் திறந்தேன். அவர் பந்தை எடுத்து என் கையில் வைத்து, தார்ப்பாய் வந்துவிட்டதா என்று பார்க்கப் போய்விட்டார்.

கப்பல் போயிற்று. தற்காலிக வேலை நிரந்தரமாயிற்று. அறுபதுகள் முழுதும் அந்த உடம்பு எங்கள் ஆபீசுக்கு வானிலை நிலையமாக இருந்தது. தோள் வலித்தால் மேட்டூரில் மழை, விலா குத்தினால் ஓசூரில் மழை. "இன்னைக்குத் தார்ப்பாய் கட்டோணுங்களா?" என்று அவரைக் கேட்காமல் எந்த லாரியும் புறப்படாது. முழங்கால் வலித்தால் எந்த ஊரில் மழை என்று ஒரு டிரைவர் கேட்டார். பப்பாளிக்காரர் என்னை ஒருமுறை பார்த்துவிட்டு, அந்தக் கால் வலிப்பதே இல்லை என்றார். மாடிப்படியில் அவர் ஏறுவதை நாள்தோறும் பார்த்தவன் நான். அவர் சொன்ன ஒரே பொய் அதுதான்.

ஆண்டுதோறும் தேரன்று அவர் கோஷ்டிக்குப் பக்கவாட்டில், என்னைவிட ஓரடி பின்னே, புதுக்கோலை ஊன்றி வருவார். அந்தக் கோலுக்கு ஏற்ப நான் நடையைத் தளர்த்த, எனக்கு ஏற்பக் கோஷ்டியும், கோஷ்டிக்கு ஏற்பப் பெருமாளும் மெல்ல வரலானார்கள். எங்கள் ஊர்த் தேர் நிலைசேர ஏன் இத்தனை நேரமாகிறது என்று இன்றைய இளைஞர்கள் குறைப்படுகிறார்கள். அவர் திருநாடு எய்திப் பல ஆண்டுகள் ஆயின. தேர் இன்னும் அவர் நடையில்தான் வருகிறது.

இதனைப் படிக்கும் யாவரும் நோயின்றி, எலும்பின் உறுதியோடு நீடு வாழ்க. கண்ணை மூடிக்கொண்டு நீங்கள் முன்னே நடக்கும் நாளில், கோலை எறிந்துவிட்டு ஓடிவர ஒருவர் உங்கள் பக்கத்தில் நிற்க எம்பெருமான் அருள்க.