நாம்வாலே பெரியம்மாவின் மரத்து ஒயின்

கலெம்பா கிராமம், சலிமா மாவட்டம்
ஆகஸ்ட் 19, வெள்ளி

என் மனைவியின் மூத்த சகோதரரும், எங்கள் திருமணத்துக்கு அன்று முதல் பொறுப்பேற்று நிற்பவருமான பெரிய மச்சான் செலெஸ்டினோ கபூகா அவர்களுக்கு, போனிபாஸ் சிகாபா மிகுந்த மரியாதையுடன் எழுதுவது. நான் நலம். உங்கள் தங்கை எஸ்நாத்தும் நலமாக இருப்பாள் என்று நம்புகிறேன். ஐந்து நாட்களாக அவள் இந்த வீட்டில் இல்லாததால் அடித்துச் சொல்ல முடியவில்லை. ஆனால் நாலு வீடு தள்ளி உங்கள் கடைசித் தங்கை வீட்டுக் கொடியில் அவள் காயப்போடும் துணி இங்கிருந்தே தெரிகிறது. அதை வைத்துப் பார்த்தால் நலம்தான். லிலாங்வேயில் அக்காவும் பிள்ளைகளும் சுகமா? உங்கள் முழங்கால் வலி தேவலையா?

இதை நான் தொலைபேசியில் சொல்லியிருக்கலாம். இரண்டு முறை உங்கள் எண்ணை அழுத்தி, நீங்கள் எடுத்ததும் வானிலை பற்றிப் பேசிவிட்டு வைத்தது நான்தான். வாய் வரவில்லை, அதனால் எழுதுகிறேன். அடுத்த சனிக்கிழமை உங்கள் குடும்பத்தார் கூடி என்னைப் பற்றிப் பேசப்போகிறார்கள். பொறுப்பாளியான நீங்கள் வந்தே ஆக வேண்டும். நம் வழக்கப்படி வீடு பெண்ணுக்கு, இந்த வீடு எஸ்நாத்தினுடையது; பிரிவதானால் பாயைச் சுருட்டிக்கொண்டு போக வேண்டியவன் நான். அவள் என்னைத் திட்டி வெளியே தள்ளியிருந்தால் அது சண்டை, நானும் வாசலில் உட்கார்ந்து கெஞ்சியிருப்பேன். அவளோ ஒன்றும் சொல்லாமல் தன் வீட்டை எனக்கு விட்டுவிட்டுப் போயிருக்கிறாள். மச்சான், எனக்கு அதுதான் பயமாக இருக்கிறது.

எல்லாம் ஒயினால் வந்தது. போன வருடம் மாதர் சங்கத்தாருக்குப் பழ ஒயின் செய்யக் கற்றுக்கொடுக்க நகரத்திலிருந்து ஒரு அம்மாள் வந்திருந்தார். முப்பது பெண்களுக்கு நடுவே ஒரே ஆணாக நானும் உட்கார்ந்து கற்றேன். இருபத்தெட்டு வருடம் வானிலை நிலையத்தில் மழை அளந்தவனுக்கு ஓய்வுபெற்ற பிறகு அளக்க ஏதாவது வேண்டாமா? பெருக்கமரத்துக் காயை உடைத்து, விதையில் ஒட்டியிருக்கும் வெள்ளை மாவை வெந்நீரில் கரைத்து வடிகட்டி, சர்க்கரையும் தேயிலைத் தண்ணீரும் ஈஸ்ட்டும் சேர்த்து வாளியில் மூடிவைத்து, பொங்கி அடங்கியதும் புளியம்பழத்தைத் துணியில் முடிந்து ஒரு வாரம் உள்ளே தொங்கவிட வேண்டும். போன வருடத்து ஒயினை நீங்களே இரண்டு கோப்பை குடித்துவிட்டு மூன்றாவதைக் கேட்டீர்கள்.

இந்த வருடம் ஜூன் மாதத்திலேயே வியாபாரிகளின் லாரிகள் வந்து ஊர்ப் பெருக்கமரங்களை மொட்டையடித்துவிட்டன. காய் இருந்தது ஒரே மரத்தில்தான், இடுகாட்டுத் தோப்பில், உங்கள் பெரியம்மா நாம்வாலேயின் கல்லறைத் தலைமாட்டில். அந்தத் தோப்பில் யாரும் ஒரு சுள்ளிகூட ஒடிக்க மாட்டார்கள் என்பது எனக்கும் தெரியும். ஆனால் நான் ஒடிக்கவில்லை, பறிக்கவில்லை. விழுந்து கிடந்ததைப் பொறுக்கினேன். அதை விழவைத்தது காற்று, காற்று இருபத்தெட்டு வருடம் என் இலாகா. இப்படித்தான் அன்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

பகல் பதினொன்றரை மணி. வெளியே புறாக்கள் கத்திக்கொண்டிருந்தன; தோப்புக்குள் கால் வைத்ததும் நின்றுவிட்டன. கல்லறைக்கு முதுகைக் காட்டியபடியே குனிந்து பொறுக்கினேன். ஒவ்வொன்றாக எண்ணிச் சாக்கில் போட்டேன், எண்ணாமல் எதையும் செய்ய எனக்கு வராது. அறுபத்திரண்டு. வாயைக் கட்டி, தோளில் போட்டு, யாரிடமும் பேசாமல் வீட்டுக்கு வந்து கொட்டினால் அறுபத்திமூன்று. மூன்று முறை எண்ணினேன். எஸ்நாத் வந்து எங்கே வாங்கினீர்கள் என்று கேட்டதற்கு, சிப்போகா பக்கத்து ஆள் ஒருவனிடம் என்றேன். அவள் மேற்கொண்டு கேட்கவில்லை. உங்கள் தங்கை எப்போதும் ஒருமுறைதான் கேட்பாள்.

நாலாவது நாள் வாளி இருமியது.

சிரிக்காதீர்கள் மச்சான். மூடியிலிருந்து ஒரு குழாய் தண்ணீர்ப் புட்டிக்குள் போகும். உள்ளே வாயு சேரச் சேரக் குமிழ் விடும், களுக் களுக்கென்று ஒரே சீராக. நிமிடத்துக்குப் பதினேழு. இதுவோ இரண்டு குட்டை, ஒரு நீளம், பிறகு அமைதி. பெரியம்மா எப்படி இருமுவார் என்று நினைவிருக்கிறதா? இரண்டு முறை சின்னதாக இருமி, ஒருமுறை நீளமாகத் தொண்டையைச் செருமிவிட்டு, அதற்குப் பிறகுதான் என்னைத் திட்டத் தொடங்குவார். என் பெயரை அவர் ஒருநாளும் சொன்னதில்லை. எங்கே அந்த மழை எண்ணுறவன் என்றுதான் கேட்பார். வாளி செருமி முடித்ததும் எட்டு வருடத்துக்கு முன்பு நின்றதைப் போலவே கையைக் கட்டிக்கொண்டு நின்றேன். திட்டு வரவில்லை. வந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

பிறகு குறிப்பேட்டை எடுத்துவைத்துக் கவனித்தேன். நான் அறையில் இல்லாதபோது அது சீராகக் குமிழ் விட்டது, கதவுக்கு வெளியே நின்று காது வைத்துக் கேட்டேன். செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே போனால் பேசாமல் இருந்தது. நான் பேச வாயைத் திறந்தால் மட்டும் இருமியது. எஸ்நாத்தைக் கூப்பிட்டு, உன் காதில் என்ன விழுகிறது என்றேன். வயிறு பொருமின ஆட்டுக்குட்டி மாதிரி கேட்கிறது என்று சொல்லிவிட்டுக் கருவாட்டைத் திருப்பிப்போடப் போய்விட்டாள். வாளியைச் சமையல் குடிலுக்கு மாற்றினேன். அது இருந்த இடத்தில் சிமெண்ட் தரையில் ஒரு ஈர வளையம். இந்த மாதத்தில் ஏரிப்பக்கமிருந்து வீசும் காற்றுக்குத் திறந்த தட்டில் வைத்த தண்ணீர் நாளொன்றுக்கு எட்டு மில்லிமீட்டர் வற்றும், அரசாங்கப் பதிவேட்டில் நானே எழுதியிருக்கிறேன். இந்த வளையம் மூன்று நாள் வற்றவில்லை. துடைத்தால் துணி நனையவில்லை. துணியை எடுத்தால் வளையம் அங்கேயே இருந்தது.

ஆனாலும் ஒயின் அருமையாகத் தெளிந்தது. அதைக் கொட்ட மனம் வரவில்லை, அதுதான் என் புத்தி. போன ஞாயிறு பூசை முடிந்து இருபது பேர் நம் முற்றத்துக்கு வந்தார்கள். முதல் கோப்பையை உபதேசியார் லூசியோவுக்குக் கொடுத்துவிட்டு, நானும் ஒரு கோப்பை எடுத்து ஒரு வாய் குடித்தேன். அவர் குடித்தார், மீசையைத் துடைத்தார். பிறகு என்னைப் பார்த்து, பெரியம்மாவின் குரலில், இரண்டு குட்டை ஒரு நீளம் செருமிவிட்டுச் சொன்னார்:

"சைக்கிள்ல காத்து இருந்துச்சு."

மச்சான், இருபது பேரும் உபதேசியாரைப் பார்க்கவில்லை, என்னைத்தான் பார்த்தார்கள். நான் எழுந்து நின்றேன். "காத்து இல்ல. சத்தியமா இல்ல, பஞ்சர்" என்றேன். கையிலிருந்த கோப்பை எப்போது விழுந்தது என்று தெரியாது. உபதேசியாரோ எலுமிச்சையைக் கடித்த குழந்தையைப் போல ஒன்றும் அறியாத முகத்துடன் உட்கார்ந்திருந்தார். எஸ்நாத் தட்டைக் கீழே வைத்தாள். என் அருகே வந்து, மற்றவர்களுக்குக் கேட்காதபடி, "அப்போ பஞ்சர்னே வச்சுக்கட்டுமா?" என்று கேட்டாள். ஆமாம் என்றேன். அவள் பாயைச் சுருட்டிக்கொண்டு போனாள்.

அன்று முதல் ஊரில் எனக்கு நிம்மதி இல்லை. இந்த ஒயினைக் குடித்தால் உள்ளே இருப்பது வாய்வழியாக வந்துவிடும் என்று பேச்சு பரவிவிட்டது. ஆண்கள் என் வாசலைச் சுற்றிக்கொண்டு போகிறார்கள். பெண்கள் கிண்ணத்தோடு வருகிறார்கள். பக்கத்து வீட்டு ஃபாலெசி வந்து ஒரே ஒரு கரண்டி போதும், புருஷனின் கஞ்சியில் கலக்கத்தான் என்றாள். ஊர்த்தலைவரிடம் போய் எல்லாவற்றையும் தோப்பிலேயே கொட்டிவிட அனுமதி கேட்டேன். அங்கே பொறுக்கினாயா என்று கேட்டார். ஆமாம் என்றேன். இனி அங்கே வாளியோடு கால் வைக்காதே என்றார். நான் கிளம்பும்போது, ஒரு புட்டியை மட்டும் இங்கே விட்டுப் போகலாம், தன் ஆலோசகர் ஒருவர்மேல் சந்தேகம் இருக்கிறது என்றார். நான் கொடுக்கவில்லை. அவ்வளவையும் கழிப்பறைக் குழியில் ஊற்றினேன். இப்போது அதற்குள் போகப் பயந்துகொண்டு ஃபாலெசி வீட்டுக் கழிப்பறைக்குப் போகிறேன். அவள் புருஷன் வேறு முறைக்கிறான்.

இனி, எதற்காக எழுத உட்கார்ந்தேனோ அது. எட்டு வருடத்துக்கு முன்பு ஜனவரியில், பெரியம்மாவுக்கு மூச்சு முட்டிய அன்று காலை ஏழேகாலுக்கு எஸ்நாத் ஓடிவந்து சுகாதார நிலையத்துக்குப் போய் ஆளைக் கூட்டிவரச் சொன்னாள். பெரியம்மா வீட்டுக்கு எதிரிலேயே இருந்த நிலையத்து மழைமானியை எட்டு மணிக்கு நான் பார்க்க வேண்டும். இருபது வருடத்துக்கு மேலாக ஒரு எட்டு மணியையும் தவறவிட்டதில்லை. பெரியம்மா எப்போதும் இருமுகிறவர்தானே என்று நினைத்தேன். அவர் திட்டியதெல்லாம்கூட மனதில் இருந்தது, பொய் சொல்லவில்லை. சைக்கிளை அவர் சன்னல் சுவரில் சாய்த்துவிட்டு, குடையைப் பிடித்துக்கொண்டு எட்டு மணி ஆவதற்குக் காத்திருந்தேன். சன்னல் திறந்திருந்தது. அவர் படுத்தபடியே என்னையும் சைக்கிளையும் பார்த்துக்கொண்டிருந்தார். இரண்டு முறை இருமினார், நீளமாகச் செருமினார், பிறகு ஒன்றும் சொல்லவில்லை. நாற்பத்தொன்று புள்ளி இரண்டு மில்லிமீட்டர் என்று எழுதிவிட்டுத்தான் கிளம்பினேன். ஆளோடு திரும்பியபோது பத்து மணி. அவர் ஒன்பதரைக்கே போய்விட்டார். எல்லாரிடமும், கிளம்பும்போதே டயர் பஞ்சர், ஒட்டிவிட்டுப் போனதில் நேரமாகிவிட்டது என்று சொன்னேன். உங்களிடமும் அதையேதான் சொன்னேன், நீங்கள் என் தோளைத் தட்டிக்கொடுத்தீர்கள்.

பஞ்சர் இல்லை மச்சான்.

இதை நீங்கள்தான் எஸ்நாத்திடம் உங்கள் முறையில் எடுத்துச் சொல்ல வேண்டும். பெரியம்மாவே உபதேசியாரின் வாயால் சொல்லிவிட்ட பிறகு மறைத்துப் பயனில்லை. சனிக்கிழமை என்ன முடிவு செய்தாலும் கட்டுப்படுவேன். உங்கள் வீட்டில் காய்ச்சலும் கலக்கமும் அணுகாதிருக்கட்டும், பிள்ளைகள் படித்துத் தேறட்டும், உங்கள் முழங்கால் பேருந்துப் பயணத்தைத் தாங்கட்டும் என்று வேண்டிக்கொண்டு,

பணிவுள்ள தங்கள் மச்சான்,
போனிபாஸ் சிகாபா

பின்குறிப்பு: நீங்கள் வர வேண்டாம். நான் உறை வாங்கக் கடைக்குப் போயிருந்தபோது, உப்பு எடுக்க இங்கே வந்த எஸ்நாத் மேசைமேல் இருந்த இந்தக் கடிதத்தை முழுவதும் படித்துவிட்டாள். நான் திரும்பி வந்தபோது நாற்காலியில் உட்கார்ந்திருந்தாள். அவளுக்கு அன்றே தெரியுமாம். நான் கிளம்புவதற்கு முன்பே டயரைக் கட்டைவிரலால் அழுத்திப் பார்த்தாளாம், கல் மாதிரி இருந்ததாம். எட்டு வருடமாக யாரிடமும் சொல்லவில்லையாம். "நீங்களா சொல்லுவீங்கன்னு இருந்தேன்" என்றாள்.

அப்படியானால் உபதேசியாருக்கு யார் சொன்னது என்று கேட்டேன். அவள் உப்பு டப்பாவைக் கீழே வைத்தாள். "உபதேசியார் ஒண்ணும் சொல்லலையே. புளி கொஞ்சம் தூக்கல்னு மட்டும்தான் சொன்னாரு. நீங்கதான் திடீர்னு எழுந்து நின்னு, காத்து இல்ல, காத்து இல்லன்னு கத்துனீங்க."

ஃபாலெசியையும் கூப்பிட்டுக் கேட்டேன். அவளும் அப்படியேதான் சொல்கிறாள்.

கடிதத்தைக் கிழிக்கப் போனேன். எஸ்நாத் விடவில்லை, அண்ணனுக்குப் போகட்டும் என்கிறாள். ஊர்த்தலைவரிடம் அவளே பேசிவிட்டாளாம், வாளி இல்லாமல் நான் தோப்புக்குள் போகலாமாம். "போய்ப் பெரியம்மாகிட்ட உங்க வாயாலயே சொல்லிட்டு வாங்க. நான் தோப்புக்கு வெளிய நிக்கிறேன்" என்கிறாள். தன் செருப்பை மாட்டிக்கொண்டு நிற்கிறாள். இத்துடன் நிறுத்துகிறேன்.